அடிமைக் கப்பலும் ஆடல் அரங்கும்



ஏறத்தாழ முப்பது ஆண்டுகளுக்கு முன்பு ஒரு பிற்பகல். ஒன்பதாம் வகுப்பில் வரலாற்றுப் பாடம் நடத்திக்கொண்டிருந்தேன். கரும்பலகையில் அட்லாண்டிக் பெருங்கடலை வரைந்து, அதைச் சுற்றி மூன்று அம்புக்குறிகளைப் போட்டேன். முதல் அம்பு ஐரோப்பாவிலிருந்து மேற்கு ஆப்பிரிக்காவுக்கு. துணி, துப்பாக்கி, இரும்பு, சாராயம். இரண்டாவது அம்பு ஆப்பிரிக்காவிலிருந்து அமெரிக்கக் கண்டங்களுக்கு, அடிமைகள். மூன்றாவது அம்பு அங்கிருந்து ஐரோப்பாவுக்கு. சர்க்கரை, புகையிலை, பருத்தி. மேலே 'முக்கோண வாணிகம்' என்று எழுதி அடிக்கோடும் இட்டேன். தேர்வில் ஐந்து மதிப்பெண்ணுக்கு வரக்கூடிய வினா அது.

அப்போது கடைசி வரிசையிலிருந்து ஒரு மாணவன் எழுந்தான். "ஐயா, அந்த இரண்டாவது அம்பிலே போனவர்கள் கப்பலில் என்ன செய்துகொண்டிருந்தார்கள்?" என்று கேட்டான். வகுப்பு சிரித்தது. எனக்கோ விடை தெரியவில்லை. "அது பாடத்தில் இல்லை, உட்கார்" என்றேன். அவனும் உட்கார்ந்துவிட்டான்.

மாணவன் கேட்கும் வினாவை மறிக்கலாகாது என்பது ஆசிரியப் பயிற்சிக் காலத்தில் எங்களுக்கு முதல் வாரத்திலேயே சொல்லித்தந்த பாடம். அதை அன்று நான் மறந்தேன். பணி ஓய்வு பெற்றபின் நூலகத்தில் அமர்ந்து படிக்கப் பொழுது கிடைத்தது. அந்த வினாவுக்கு விடையும் கிடைத்தது. நான் சற்றும் எதிர்பாராத விடை. அவர்கள் ஆடினார்கள். ஆட்டுவிக்கப்பட்டார்கள் என்று சொல்வதே சரி.

முதலில் கணக்கைச் சொல்லிவிடுகிறேன். பதினாறாம் நூற்றாண்டின் தொடக்கம் முதல் பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதி வரை, அட்லாண்டிக் கடலைக் கடப்பதற்காகக் கப்பலேற்றப்பட்ட ஆப்பிரிக்கர் சுமார் 1 கோடியே 25 இலட்சம் பேர். மறுகரையில் உயிரோடு இறங்கியவர் சுமார் 1 கோடியே 7 இலட்சம் பேர். இவ்விரண்டுக்கும் உள்ள வேறுபாட்டை நீங்களே கழித்துப் பாருங்கள். அத்தனை பேரும் கரை காணாமலே முடிந்தவர்கள்.

1788ஆம் ஆண்டு இங்கிலாந்தில் அடிமை வாணிகத்தை எதிர்த்தவர்கள் 'புரூக்ஸ்' என்னும் லிவர்பூல் கப்பலின் படத்தை அச்சிட்டுப் பரப்பினார்கள். ஓர் ஆடவனுக்கு 6 அடி நீளம், 1 அடி 4 அங்குல அகலம் என்னும் கணக்கில் உடல்களை நெருக்கமாக வரைந்திருந்தார்கள். தீப்பெட்டிக்குள் குச்சிகள் கிடப்பதை நினைத்துக்கொண்டால் போதும். அப்படம் பலருடைய மனத்தை மாற்றியது. அதன் பெருமையை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் அதில் கிடக்கும் மனிதர்களில் ஒருவருக்கும் முகம் இல்லை. ஒருவரும் அசைவதில்லை. என் கரும்பலகை அம்புக்குறியை விட அது எத்தனையோ மேலானது என்றாலும், என் மாணவனுடைய வினாவுக்கு அதிலும் விடை இல்லை.

விடை சொன்னவர் ஒரு கப்பல் மருத்துவர். அலெக்சாண்டர் ஃபால்கன்பிரிட்ஜ் என்பது அவர் பெயர். அடிமைக் கப்பல்களில் பணிபுரிந்து, மனம் கசந்து, அந்த வாணிகத்துக்கு எதிராகவே 1788இல் நூல் எழுதியவர். அவர் எழுதியிருப்பதன் சாரம் இது. வானிலை நன்றாக இருக்கும் நாட்களில் அடிமைகளை மேல்தளத்துக்குக் கொண்டுவருவார்கள். நாட்கணக்கில் முடங்கிக் கிடந்தால் கைகால் விறைத்துப் போகும், நோய் வரும், சந்தையில் விலை குறையும். ஆகவே உடற்பயிற்சி வேண்டும். அந்தப் பயிற்சிக்குக் கப்பல்காரர்கள் வைத்த பெயர் நடனம். ஒரு முரசு கொட்டப்படும். முரசின் தோல் கிழிந்துபோனால் தொட்டியைக் கவிழ்த்து அதன் அடியில் தட்டுவார்கள். விலங்கு பூட்டிய கால்களோடு அவர்கள் குதிக்க வேண்டும். குதிக்க மறுத்தாலும், சுறுசுறுப்பாகக் குதிக்காவிட்டாலும், ஒன்பது நுனி கொண்ட சாட்டையோடு பக்கத்திலேயே ஒருவன் நிற்பான். பாடவும் சொல்வார்கள். அவர்கள் பாடியவை பெரும்பாலும் பிறந்த நாட்டைப் பிரிந்த புலம்பல்கள் என்று அம்மருத்துவர் குறிக்கிறார். அந்த மொழிகளை அறியாத மாலுமிகளுக்கு அது வெறும் பாட்டு.

இதே செய்தி வேறொருவர் வாயில் எப்படி மாறுகிறது பாருங்கள். அடிமைக் கப்பல் தலைவராக இருந்த ராபர்ட் நோரிஸ் என்பவர், அரசாங்க விசாரணையில் சாட்சி சொன்னார். கப்பலில் அவர்களுக்கு நல்ல உணவு உண்டு, உணவுக்குப்பின் ஆடலும் பாடலும் உண்டு என்றார். கல்யாண வீட்டு வருணனை போல இருந்தது அந்தச் சாட்சியம். 1789ஆம் ஆண்டு மே 12ஆம் நாள் வில்லியம் வில்பர்ஃபோர்ஸ் நாடாளுமன்றத்தில் எழுந்து, அந்த ஆடல் எது, அந்தப் பாடல் எது, சாட்டை யார் கையில் இருந்தது என்பதை விளக்கி அந்த வருணனையைக் கிழித்துப் போட்டார். ஆகவே 'அவர்கள் ஆடினார்கள்' என்று யாரேனும் சொன்னால், சொல்பவர் யார் என்றும் நீங்கள் கேட்க வேண்டும். நோரிஸும் அதைத்தான் சொன்னார். அந்த அடிமைகளின் பேரப்பிள்ளைகளும் அதைத்தான் சொல்லுகிறார்கள்.

பேரப்பிள்ளைகள் சொல்லும் கதைக்கு வருகிறேன்.

1739இல் தென் கரோலினாவில் ஸ்டோனோ என்னும் ஆற்றங்கரையில் அடிமைகள் கிளர்ந்தெழுந்தார்கள்; முரசு கொட்டிக்கொண்டே நடந்தார்கள். கிளர்ச்சி ஒடுக்கப்பட்டது. அடுத்த ஆண்டே அங்கே கடுமையான சட்டம் ஒன்று பிறந்தது. அடிமைகள் முரசு வைத்திருக்கக் கூடாது. கொம்பு ஊதக் கூடாது. அவர்களுக்கு எவரும் எழுதக் கற்பிக்கக் கூடாது. இரண்டுமே செய்தி சொல்லும் கருவிகள் என்று சட்டம் செய்தவர்களுக்குத் தெரிந்திருந்தது. எழுத்தையும் முரசையும் ஒரே சட்டத்தில் தடுத்ததைப் படித்தபோது, இவ்வளவு தெளிவாக நான் என் வகுப்பில் கலையின் பயனை விளக்கியதில்லையே என்று எண்ணிக்கொண்டேன்.

முரசு போயிற்று. உடம்பு இருந்தது. அவர்கள் தொடையிலும் மார்பிலும் தோளிலும் கைகளால் தட்டித் தாளம் எழுப்பினார்கள். தொழுகைக் கூட்டங்களில் வட்டமாக நின்று, கடிகார முள்ளுக்கு எதிர்த்திசையில் மெல்லச் சுற்றி வந்தார்கள். காலோடு கால் குறுக்கிட்டால் அது நடனம், நடனம் பாவம் என்று கிறித்தவச் சபையார் கருதிய காலம். அதனால் காலைத் தூக்காமல், குறுக்கே வைக்காமல், தரையில் இழைத்தே நகர்ந்தார்கள். ஒருவர் கம்பு ஒன்றால் மரத்தரையைக் குத்துவார். பறிக்கப்பட்ட முரசுக்கு அதுவே ஈடு. ஜார்ஜியா மாநிலக் கடற்கரையில் மெக்கின்டாஷ் வட்டாரத்தில் போல்டன் என்னும் சிற்றூர் உள்ளது. அவ்வூரார் இந்த வட்ட ஆட்டத்தைத் தலைமுறை தலைமுறையாகத் தங்களுக்குள் காத்து, 1980ஆம் ஆண்டளவில்தான் வெளியார் மேடையில் முதன்முதலாக ஆடிக் காட்டினார்கள். இத்தனை காலம் அது எவருக்கும் காட்டுவதற்காக ஆடப்படவில்லை என்பதை நினைவில் வையுங்கள்.

இன்னொரு தீவுக்கு உங்களை அழைத்துச் செல்லுகிறேன். கரிபியன் கடலில் கிரெனடா நாட்டைச் சேர்ந்த கேரியக்கூ. முப்பது நாற்பது சதுர கிலோமீட்டருக்கு மேற்படாத சிறு நிலம். அங்கே 'பெருமுரசு' என்று ஒரு சடங்கு ஆட்டம் உண்டு. மூன்று முரசுகள். சாராயப் பீப்பாயை அறுத்து, ஆட்டுத்தோல் போர்த்திச் செய்யப்பட்டவை. சாராயம் கரும்பிலிருந்து வடிப்பது. கரும்புத் தோட்டங்களுக்காகவும் இவர்களுடைய முன்னோர் அடிமைகளாயினர். அந்தப் பீப்பாயே முரசாயிற்று. இரண்டு முரசுகள் தாளத்தை நிலைநிறுத்தும். நடுவில் உள்ள மூன்றாவது முரசு ஆடுபவருடைய காலோடு பேசும். தொடக்கத்தில் முன்னோர்களிடம் மன்னிப்பு வேண்டிப் பாடுவார்கள். அதன்பின் ஒவ்வொரு 'நாட்டு' ஆட்டமாக வரும். குரமாந்தி, இக்போ, மாண்டிங், சம்பா, தெம்னே, மோக்கோ, காங்கோ என்று ஒவ்வொன்றுக்கும் தனித் தாளம், தனி ஆட்டம். (குரமாந்தி என்றவுடன் நம் கோரமண்டலக் கரையை நினைத்துவிடாதீர்கள். அது கானா நாட்டுக் கரையில் உள்ள கொர்மாந்தின் என்னும் கோட்டையின் பெயரிலிருந்து வந்தது.) தான் எந்த நாட்டார் வழியில் வந்தவர் என்பதைக் குடும்பங்கள் இந்த ஆட்டத்தின் வழியே காத்துவந்தன.

இதன் அருமை உங்களுக்கு விளங்குகிறதா? கப்பல் கணக்கேட்டில் 'ஆடவர் இத்தனை, பெண்டிர் இத்தனை, சிறுவர் இத்தனை' என்றுதான் எழுதியிருப்பார்கள். தோட்டக் கணக்கில் முதலாளி சூட்டிய பெயர் இருக்கும். தாய் தந்தை வைத்த பெயர் இரண்டிலும் இராது. பேசிய மொழியும் மூன்று தலைமுறைக்குள் நாவிலிருந்து போய்விட்டது. ஏட்டில் ஏறாதது ஒரு தாளத்தில் ஏறி இருநூறு ஆண்டு இருந்திருக்கிறது. வரலாற்றாசிரியர்கள் அந்தத் தாளங்களின் பெயரைக் கொண்டு, எந்தெந்த நாட்டார் அத்தீவுக்கு வந்தனர் என்று ஆராய்கிறார்கள். வரலாற்றுச் சான்று என்றால் கல்வெட்டு, செப்பேடு, நாணயம், பயணக் குறிப்பு என்றே நான் முப்பத்து நான்கு ஆண்டுகள் சொல்லிக்கொடுத்தேன். அப்பட்டியலில் குதிகாலையும் சேர்த்திருக்க வேண்டும்.

அரங்கம் எப்போதும் உண்மையின் பக்கமே நின்றது என்று எண்ண வேண்டாம். 1830களில் தாமஸ் ரைஸ் என்னும் வெள்ளை நடிகர் முகத்தில் கரி பூசிக்கொண்டு, கந்தல் அணிந்து, 'ஜிம் குரோ' என்னும் கறுப்பின வேடத்தில் துள்ளி ஆடினார். கூட்டம் அலைமோதியது. அவரைப் பின்பற்றிக் கரிமுகக் குழுக்கள் ஊர் ஊராகப் புறப்பட்டன. அடிமை கவலையற்றவன், சோம்பேறி, பாடியாடிக் களித்திருப்பவன் என்பதே அவற்றின் கதை. நோரிஸின் சாட்சியத்துக்கு அரங்கேற்றம் நடந்தது என்றே சொல்லலாம். அந்த வேடத்தின் பெயரே பின்னாளில் அமெரிக்காவின் தெற்கு மாநிலங்களில் கறுப்பினத்தாரை ஒதுக்கிவைத்த சட்டங்களுக்கும் பெயராயிற்று. இதைப் பற்றி இதற்கு மேல் பேச எனக்கு விருப்பமில்லை.

அந்த மேடையைத் திருப்பிக் கைப்பற்றியவர்களைப் பேசுவோம். ஆல்வின் எய்லி டெக்சாசில் 1931இல் பிறந்தவர். 1960ஆம் ஆண்டு சனவரி 31ஆம் நாள் நியூயார்க்கில் 'ரெவலேஷன்ஸ்' என்னும் நடனத்தை அரங்கேற்றினார். அடிமைக் காலத்திலிருந்து வந்த பக்திப் பாடல்களே அதற்கு இசை. அதில் ஒரு காட்சியில் நீண்ட துணிகளை மேடை முழுதும் பரப்பி அலைபோல் அசைக்கிறார்கள். வெள்ளுடை அணிந்தவர்கள் அந்த ஆற்றில் இறங்கி ஞானமுழுக்குப் பெறுகிறார்கள். ஆற்றையே அது காட்டுகிறது. எனக்கு மட்டும் கடல் நினைவுக்கு வந்தது.

அமிரி பராக்கா 1967இல் எழுதிய 'அடிமைக் கப்பல்' என்னும் நாடகம் நேர்மாறானது. அழகு காட்ட அது விரும்பவில்லை. பேச்சு மிகக் குறைவு. இருட்டு, சங்கிலி ஓசை, முனகல், முரசு, நாற்றம். பார்வையாளரைக் கப்பலின் அடிவயிற்றுக்குள்ளேயே உட்கார வைப்பது அவர் நோக்கம். இதை உங்களுக்கு நான் பரிந்துரைக்கவில்லை, வளர்ந்தபின் படியுங்கள்.

ஆகஸ்ட் வில்சனின் 'ஜெம் ஆஃப் தி ஓஷன்' என்னும் நாடகத்தை இப்போதே படிக்கலாம். 2003இல் அரங்கேறியது; கதை நிகழ்வது 1904இல், பிட்ஸ்பர்க் நகரில். எஸ்தர் அத்தை என்னும் மூதாட்டியின் வீடு. அவளுக்கு வயது 285. சிரிக்காதீர்கள், கழித்துப் பாருங்கள். 1619 வரும். வெர்ஜீனியாக் கரையில் முதன்முதலாக ஆப்பிரிக்கர் இறக்கி விற்கப்பட்ட ஆண்டு அது. அவளிடம் ஓர் இளைஞன் வருகிறான். சிட்டிசன் பார்லோ என்று பெயர். விடுதலைக்குப்பின் பிறந்தவனுக்குத் தாய் வைத்த பெயர், குடிமகன். அவன் ஓர் ஆலையிலிருந்து ஒரு வாளி ஆணியைத் திருடிவிட்டான். பழி வேறொருவன்மேல் விழுந்தது. 'நான் திருடவில்லை' என்று சொல்லி அந்த மனிதன் ஆற்றில் குதித்து, கரையேற மறுத்து, இறந்துபோனான். இவன் மனம் வேகிறது. 'என் உள்ளத்தைக் கழுவிவிடு' என்று அத்தையிடம் மன்றாடுகிறான்.

அவள் என்ன செய்கிறாள் தெரியுமா? தன்னை விலைக்கு விற்றபோது எழுதிய கிரயச் சீட்டை எடுக்கிறாள். அதைக் காகிதக் கப்பலாக மடிக்கிறாள். நீங்கள் மழைநீரில் விடுவீர்களே, அதே கப்பல். அதை அவன் கையில் கொடுத்து, கடலுக்கு அடியில் உள்ள எலும்பு நகரத்துக்குப் போகச் சொல்லுகிறாள். கடலைத் தாண்ட முடியாமல் மாண்டவர்களின் எலும்புகளால் கட்டிய நகரம் அது. வீட்டில் உள்ளவர்கள் பாடுகிறார்கள். முகமூடி அணிந்து அவனை விலங்கிடுகிறார்கள். கப்பலின் அடியில் தள்ளுவதுபோல் தள்ளுகிறார்கள். மேடையில் கடலும் இல்லை, கப்பலும் இல்லை. ஒரு கூடம், ஒரு காகிதம், நான்கைந்து பேருடைய குரல். ஆயினும் அவன் அந்நகரத்தைக் காண்கிறான். நகர வாயிலில் காவல் நிற்பவன் யார்? ஆற்றில் மூழ்கி இறந்த அதே மனிதன். அவனிடம் உண்மையைச் சொன்னால்தான் கதவு திறக்கும். பார்லோ சொல்லிவிடுகிறான்.

இவ்விடத்தைப் படித்து நான் புத்தகத்தை மூடி வைத்தேன். தன் முன்னோர் பட்ட துயரத்தை நினைப்பதற்குப் போனவன், தான் செய்த தவற்றையும் அங்கேயே சொல்ல வேண்டியிருக்கிறது.

வானொலியில் பேசுவதால் ஒரு வானொலி நாடகத்தையும் குறிப்பிடுகிறேன். 1781இல் 'சோங்' என்னும் அடிமைக் கப்பலிலிருந்து 130க்கு மேற்பட்ட ஆப்பிரிக்கரை உயிரோடு கடலில் எறிந்தார்கள். 'சரக்கு' இழப்புக்குக் காப்பீட்டுத் தொகை கேட்டார்கள் உரிமையாளர்கள். 1783இல் இலண்டன் நீதிமன்றத்தில் நடந்தது காப்பீட்டு வழக்கு. கொலை வழக்கு அன்று. கொலைக்காக எவரும் விசாரிக்கப்படவே இல்லை. ஜைல்ஸ் டெரேரா இதை நாடகமாக்கினார். 2021இல் அது பிரிட்டிஷ் வானொலியில் ஒலிபரப்பாயிற்று. மறு ஆண்டு பிரிஸ்டல் நகரில் மேடையேறியது. பிரிஸ்டலும் அடிமை வாணிகத்தால் செழித்த துறைமுகமே.

இதுவரை மறுகரையில் இறங்கியவர்களின் வழிவந்தவர்களைச் சொன்னேன். புறப்பட்ட கரையில் நின்றவர்களின் கதை என்ன? கானா நாட்டின் அமா அட்டா ஐடூ 1970இல் வெளியிட்ட 'அனோவா' என்னும் நாடகம் அதைக் கேட்கிறது. அனோவா ஓர் அழகிய பெண். அவள் கணவன் வாணிகத்தில் பொருள் சேர்த்து, வேலைக்கு அடிமைகளை வாங்கத் தொடங்குகிறான். அவள் ஒப்பவில்லை. தன் சிறு வயது நிகழ்ச்சி ஒன்றை நினைவுகூர்கிறாள். கடலோரத்தில் வெளுத்த மனிதர்கள் கட்டிய அந்தப் பெரிய வீடுகள் எதற்கு என்று பாட்டியிடம் கேட்டாள். அடிமைகளை வைத்திருக்க, என்றாள் பாட்டி. யார் விற்றார்கள், ஏன் விற்றார்கள் என்று மேலும் கேட்டபோது பாட்டி வாயை மூடச் சொன்னாள். நல்ல பிள்ளைகள் இதையெல்லாம் கேட்பதில்லை. அன்றிரவு குழந்தைக்குக் கொடிய கனவு வந்தது.

அந்தப் பாட்டியை நான் அறிவேன். "பாடத்தில் இல்லை, உட்கார்" என்று சொன்னவள் அவள்தான்.

அவள் ஏன் அடக்கினாள் என்பதும் எனக்குத் தெரியும். அந்த வாணிகத்தில் தம் கரையைச் சேர்ந்தவர்களின் கையும் இருந்தது. உள்நாட்டு அரசர்களும் வணிகர்களும் பிடித்துக் கொடுத்தார்கள். அயலார் குற்றத்தைப் பேசுவது எளிது. நம் கரைக்கும் இதில் ஒரு நூல் உண்டு. என் கரும்பலகையின் முதல் அம்பில் 'துணி' என்று எழுதினேன் அல்லவா? அத்துணியில் கணிசமான பகுதி இந்தியாவில் நெய்தது. சோழமண்டலக் கரையில் நெசவான பருத்தித் துணியும் ஐரோப்பியக் கம்பெனிகளின் கப்பலில் சென்று, மேற்கு ஆப்பிரிக்காவில் மனிதருக்கு மாற்றாக அளந்து கொடுக்கப்பட்டது. தறியில் அமர்ந்தவர்களுக்கு இது தெரிந்திருக்க வழியில்லை. எனக்குத் தெரிந்திருக்கலாம், புத்தகங்கள் இருந்தன.

கானாவின் மற்றொரு நாடக ஆசிரியை எஃபுவா சதர்லண்ட். கேப் கோஸ்ட் நகரில் வரலாற்று நாடக விழா நடத்த வேண்டுமென்று 1980இல் ஒரு திட்டம் எழுதினார். அதிலிருந்து வளர்ந்ததே 1992இல் தொடங்கிய 'பனாஃபெஸ்ட்' என்னும் விழா. கேப் கோஸ்டில் உள்ள கோட்டையின் நிலவறையில் அடிமைகளை அடைத்துவைத்தார்கள்; ஆடவர் நிலவறைக்கு மேலேயே தொழுகைக்கூடமும் இருந்தது. கடலைப் பார்த்த வாயிலுக்கு 'திரும்பாத வாயில்' என்று பெயர். அவ்விழாவுக்கு அமெரிக்காவிலிருந்தும் கரிபியன் தீவுகளிலிருந்தும் அந்த மக்களின் வழிவந்தோர் வருகிறார்கள். அந்தக் கோட்டைகளின் நிழலில் நாடகம் நடக்கிறது, முரசு ஒலிக்கிறது, ஆடல் நடக்கிறது. இப்போது யார் கையிலும் சாட்டை இல்லை.

சென்ற ஆண்டு என் பழைய மாணவனைப் பேருந்து நிலையத்தில் கண்டேன். லாரித் தொழில் நடத்துகிறான். தலை நரைக்கத் தொடங்கியிருந்தது. தேநீர்க் கடையில் அமர்ந்து, அவன் வினாவையும் அதற்கு நான் தேடிக் கண்ட விடையையும் சொன்னேன். அவன் வெட்கத்தோடு சிரித்து, "நான் அப்படிக் கேட்டேனா ஐயா? நினைவே இல்லையே" என்றான். பக்கத்தில் அவன் மகள் இருந்தாள்; ஒன்பதாம் வகுப்புப் படிக்கிறாளாம். அவள் கேட்டுக்கொண்டே இருந்துவிட்டு, "கப்பலில் முரசு அடித்தது யார் தாத்தா?" என்றாள்.

"சில கப்பல்களில் மாலுமி அம்மா; சில கப்பல்களில் விலங்கு பூட்டியவர்களுள் ஒருவரையே அடிக்கச் சொல்வார்கள்" என்றேன். அவள் பையைத் திறந்து, ஏட்டை எடுத்து, அதைக் குறித்துக்கொண்டாள்.